தோற்ற ஊரும் ஜெயித்த ஊரும்

விருதுநகர் தெப்பக்குளத்தைச் சுற்றியுள்ள கடைவீதியில் "வீடு எங்க இருக்கு?" என்று கேட்டால் போதும். யார் வீடு என்று எவரும் திருப்பிக் கேட்பதில்லை. வத்தல் மூட்டையைத் தோளில் வைத்திருந்தவர் அதை இறக்காமலே தாடையால் திசை காட்டினார். "சுலோசனா நாடார் தெரு அண்ணாச்சி. உள்ள போனா போர்டு தெரியும்."

காலை பத்து மணிக்கே தெருவில் வத்தல் நெடி மூக்கைப் பிடித்தது. மல்லி, உளுந்து, துவரை, நல்லெண்ணெய் என்று இந்த ஊர் சொல்லும் விலையைப் பார்த்துத்தான் பல ஊர்களில் கடை திறக்கிறார்கள். "விருதுநகர் மார்க்கெட் நிலவரம்" என்று பத்திரிகைகளில் ஒரு மூலை இதற்கென்றே உண்டு. அந்த நெடியைத் தாண்டித் தெருவுக்குள் திரும்பினால் இரண்டு பக்கமும் தோளோடு தோள் ஒட்டிய வீடுகள். அவற்றில் ஒன்று காமராஜர் பிறந்து வளர்ந்த வீடு. இன்று அரசு நினைவு இல்லம்.

ஒடுக்கமான வீடு. சுவர் நிறையப் படங்கள். நேருவோடு, சாஸ்திரியோடு, இந்திராவோடு, மைக்கின் முன்னால், வயல் வரப்பில். அவர் உடுத்திய சட்டையும் வேட்டியும் இருக்கின்றன. நான் போன நேரத்தில் ஒரு பள்ளிக்கூடத்துப் பிள்ளைகள் வரிசையாக வந்திருந்தார்கள். ஆசிரியை குழாய்க் கதையைச் சொல்லிக்கொண்டிருந்தார். முதலமைச்சரின் தாயார் வீடு என்பதற்காக நகராட்சி தனியாக ஒரு குடிநீர்க் குழாய் போட்டுக் கொடுக்க, அது தெரிந்ததும் காமராஜர் பிடுங்கச் சொன்னாராம். நானும் பள்ளிக்கூடத்தில் இதைக் கேட்டவன்தான். தாயார் சிவகாமி அம்மாளுக்கு மாதம் 120 ரூபாய் அனுப்பிய கதை அடுத்து வந்தது. பிள்ளைகள் தலையாட்டினார்கள். ஒருவன் மட்டும் "அந்தக் குழாய் எங்க இருந்துச்சு மிஸ்?" என்றான். பதில் வருவதற்குள் வரிசை நகர்ந்துவிட்டது.

இந்தக் கதைகளின் மேல் எனக்குக் கோபம் ஒன்றுமில்லை. ஆனால் எளிமையாக வாழ்ந்தவர்கள் இந்த நாட்டில் ஆயிரம் பேர். அவர்களில் எத்தனை பேர் ஒரு நகராட்சியிலிருந்து கிளம்பி மாநிலத்தை ஆண்டு, இரண்டு பிரதமர்களைத் தேர்ந்தெடுக்கும் இடத்தில் உட்கார்ந்தார்கள்? காமராஜர் ஓட்டு அரசியல்வாதி. எந்தத் தொகுதியில் யாருக்கு எவ்வளவு என்று மனக்கணக்காகச் சொல்லக்கூடியவர். ஜெயித்தவர், தோற்றவர், மறுபடி ஜெயித்தவர். அந்த மனிதரைத்தான் நான் தேடி வந்திருந்தேன். படங்களைச் சுற்றி இரண்டு தடவை நடந்தேன். முதல்வர் காமராஜர் இருக்கிறார், தலைவர் காமராஜர் இருக்கிறார், மகன் காமராஜர்கூட இருக்கிறார். வேட்பாளர் காமராஜர் என் கண்ணில் படவில்லை.

அவரைப் பார்க்க வீட்டைவிட்டு வெளியே வரவேண்டும்.

முதலில் அவர் படித்த சத்திரிய வித்யாசாலா. ஆறாம் வகுப்போடு நின்றுபோன படிப்பு என்பது எல்லோருக்கும் தெரியும். அந்தப் பள்ளிக்கூடம் எப்படி எழும்பியது என்பதுதான் எனக்கு முக்கியமாகப் பட்டது. 19-ஆம் நூற்றாண்டின் கடைசியில் இந்த ஊர் நாடார்கள் வீட்டுக்கு வீடு ஒரு பிடி அரிசி எடுத்து வைத்து, அதைச் சேர்த்து விற்று நடத்திய பள்ளி அது. கடைவீதியில் மகமை என்று இன்னொரு ஏற்பாடு: வியாபாரச் சரக்கின் மேல் சிறு தொகை பிடித்து ஊர்ப் பொதுவுக்குச் சேர்ப்பது. கோயில் நுழைவு மறுக்கப்பட்ட, கலவரங்களில் அடிபட்ட ஒரு சாதி, அரசாங்கத்தை எதிர்பார்க்காமல் தனக்கென்று நிறுவனங்கள் கட்டிக்கொண்ட முறை இது. இப்படியொரு ஊரில் பிறந்த பிள்ளைக்கு, சின்னச் சின்னதாக நிறையப் பேரிடம் வாங்கினால் பெரிய காரியம் நடக்கும் என்பது அரசியல் தெரியுமுன்பே தெரிந்திருக்கும். பின்னாளில் தமிழ்நாட்டுக் காங்கிரசை அவர் கிராமம் கிராமமாகக் கட்டிய விதத்தில் இந்தப் பிடி அரிசியின் வாசம் இருக்கிறது என்பது என் எண்ணம்.

மாமாவின் ஜவுளிக்கடையில் உட்காரவைத்தார்கள். பையன் கூட்டம் கேட்கப் போய்விட்டான். ஊரைவிட்டுக் கிளப்பினால் தெளிவான் என்று திருவனந்தபுரத்தில் இருந்த இன்னொரு மாமாவின் மரக்கடைக்கு அனுப்பினார்கள். அங்கே போனால் 1924-ல் வைக்கம் போராட்டம். இதற்குப் பிறகு வீட்டார் கைவிட்டிருக்க வேண்டும். 1930-ல் வேதாரண்யம் உப்பு சத்தியாக்கிரகம், கல்கத்தாவின் அலிப்பூர்ச் சிறை. 1933-ல் விருதுநகர் வெடிகுண்டு வழக்கு, அதில் விடுதலை. 1936-ல் சத்தியமூர்த்தி மாகாணக் காங்கிரஸ் தலைவரானபோது செயலாளர். 1937-ல் சாத்தூர் தொகுதியில் போட்டியில்லாமல் சட்டமன்றம். 1940-ல் மாகாணக் காங்கிரஸ் தலைவர். அடுத்த 14 வருடம் அந்த நாற்காலியை வேறு யாராலும் அசைக்க முடியவில்லை, ராஜாஜியாலும்.

நகராட்சி அலுவலகத்தின் முன்னால் கொஞ்ச நேரம் நின்றேன். வரி கட்ட வந்தவர்கள், பிறப்புச் சான்றிதழுக்கு வந்தவர்கள், நிழலில் மனு எழுதிக் கொடுப்பவர். 1941 மே மாதம் இந்த நகராட்சியின் தலைவராகக் காமராஜரைத் தேர்ந்தெடுத்தார்கள். அப்போது அவர் வேலூர்ச் சிறையில். தனிநபர் சத்தியாக்கிரகத்துக்கு ஆள் பட்டியலோடு காந்தியைப் பார்க்க வார்தாவுக்குப் போகும் வழியில் குண்டூரில் பிடித்து உள்ளே வைத்திருந்தார்கள். நவம்பரில் விடுதலையாகி வந்தார், பதவியை ராஜினாமா செய்தார். முழு நேரமும் செய்ய முடியாத வேலையைக் கையில் வைத்திருக்கக் கூடாது என்பது அவர் சொன்ன காரணம். தியாகம் என்று இதைப் பாடப்புத்தகம் சொல்லும். எனக்கு அதில் கணக்கும் தெரிகிறது. மாகாணம் முழுவதும் சுற்றவேண்டிய கட்சித் தலைவர் குப்பை வண்டிக்கும் தெரு விளக்குக்கும் பதில் சொல்லிக்கொண்டிருந்தால் கட்சி என்ன ஆகும்? உள்ளூர்ப் பதவி எங்கே முடிகிறது என்று தெரிந்து வைத்திருப்பதும் உள்ளூர் அரசியல்தான்.

தேசபந்து மைதானத்துக்கு வந்தபோது வெயில் உச்சிக்கு ஏறியிருந்தது. இந்த ஊரின் அரசியல் கூட்டமெல்லாம் நடந்த இடம். காமராஜரைப் பற்றிய கதைகளில் ஒட்டாமல் உறுத்தும் ஒரு கதையும் இந்த மைதானத்தில்தான் நடந்தது. 1956-ல் சங்கரலிங்கனார் இங்கே பந்தல் போட்டு உண்ணாவிரதம் இருந்தார். சென்னை மாநிலத்துக்குத் தமிழ்நாடு என்று பெயர் வைக்கவேண்டும் என்பது அவர் கேட்டவற்றில் முதலானது. அவரும் காங்கிரஸ்காரர், காந்தியோடு நடந்தவர், இதே ஊர்க்காரர். முதலமைச்சரும் இதே ஊர்க்காரர். 76 நாள் ஓடியது. பெரியவர் இறந்தார். பெயர் மாறவில்லை. அன்றைக்குக் காமராஜர் இறங்கி வந்திருந்தால் என்ன குறைந்திருக்கும் என்று எனக்கு இன்றும் விளங்கவில்லை. டெல்லியோடு ஒத்துப்போகிற காங்கிரஸ் மனம் ஒரு காரணம். எதிர்க்கட்சி கேட்பதைக் கொடுக்கக் கூடாது என்ற பிடிவாதம் இன்னொன்று. பதினோரு வருடம் கழித்து இந்த ஊர் ஓட்டுப் போட்டபோது இதுவும் எங்காவது ஒரு மூலையில் எண்ணப்பட்டிருக்கும்.

காமராஜர் இங்கே நின்று தோற்ற 1967 சட்டமன்றத் தேர்தலைப் பற்றிக் கேட்க எண்ணெய்க் கடை ஒன்றில் ஏறினேன். கல்லாவில் மகன். பின்னால் நாற்காலியில் எண்பது தாண்டிய தகப்பனார். மகனைக் கேட்டேன், தகப்பனார் பதில் சொன்னார்.

"1,285 ஓட்டு."

நான் தோல்வி என்ற வார்த்தையையே இன்னும் எடுக்கவில்லை. அன்று நான் பேசிய எல்லோருக்கும் அந்த எண் தெரிந்திருந்தது. டீக்கடையில், பரோட்டாக் கடையில், பேருந்து நிலையத்தில். யாரும் ஆயிரத்துச் சொச்சம் என்று சொல்லவில்லை. கடைசி ஐந்தையும் சேர்த்தே சொன்னார்கள். கணக்கு எழுதுகிற ஊர்.

"அவுகள நாங்க தோக்கடிக்கல தம்பி. அரிசி தோக்கடிச்சிச்சு," என்றார் பெரியவர். "ரேஷன் கடையில நின்னு நின்னு பொம்பளையாளுக சபிச்சாக. ரூபாய்க்கு மூணு படின்னு அங்கிட்டு மைக்குல சொல்றான். யாரு கேப்பா?"

"அரிசி எல்லா ஊரிலும்தானே இல்லாமல் இருந்தது?"

"எல்லா ஊர்லயுந்தான் காங்கிரசு தோத்துச்சு."

அதற்கு மேல் நான் என்ன கேட்பது? ஆனால் அவரே கொஞ்சம் பொறுத்துத் தொடர்ந்தார். "ஒரு விசயம் இருக்கு. நம்ம ஊர்தான, எங்க போயிரும்னு நெனச்சுட்டாக. வெளிய சுத்துனாக. இந்தப் பையன் வீடு வீடா ஏறுனான்."

பையன் என்று அவர் சொன்னது பெ. சீனிவாசனை. 1965 இந்தி எதிர்ப்புப் போராட்டத்தில் மாணவர் தலைவராக வெளிப்பட்டவர். திமுக அவரை அகில இந்தியக் காங்கிரஸ் தலைவருக்கு எதிராக நிறுத்தியது. காமராஜர் அப்போது நாடு முழுக்கப் பிரசாரம் செய்யவேண்டிய ஆள். விபத்தில் காலில் அடிபட்டுப் படுத்திருந்தவர், படுத்துக்கொண்டே ஜெயிப்போம் என்று சொன்னதாக ஒரு பேச்சு இன்னமும் உலவுகிறது. சொன்னாரோ இல்லையோ, அந்த வாக்கியம் அவரை விடாமல் துரத்திக்கொண்டிருக்கிறது. எதிரில் ராஜாஜி முதல் மார்க்சிஸ்டுகள் வரை ஒரே கூட்டணி. 1965-ல் மாணவர்கள் மேல் பாய்ந்த துப்பாக்கிக் குண்டுகளை யாரும் மறக்கவில்லை. அதே 1967-ல் பம்பாயில் எஸ்.கே. பாட்டீலும் வங்காளத்தில் அதுல்ய கோஷும் தோற்றார்கள். பிரதமரைத் தீர்மானித்தவர்கள் என்று பெயரெடுத்த சிண்டிகேட் தலைவர்கள் அவரவர் ஊரிலேயே கவிழ்ந்தார்கள்.

விருதுநகரிலிருந்து தெற்கே நான்குவழிச் சாலையில் பேருந்து பிடித்தேன். தோற்ற இரண்டாம் வருடம், 1969 இடைத்தேர்தலில், அவரை மக்களவைக்கு அனுப்பிய நாகர்கோவில் 200 கிலோமீட்டருக்குள்தான். சாத்தூரில் நின்றபோது வெள்ளரிக்காய்ப் பிஞ்சும் காராச்சேவும் ஜன்னலுக்கு வந்தன. 1957, 1962 இரண்டு தேர்தலிலும் காமராஜரைச் சட்டமன்றத்துக்கு அனுப்பியது இந்த ஊர். மேற்கே திரும்பினால் ஸ்ரீவில்லிபுத்தூர். 1952-ல் அவரை முதல் மக்களவைக்கு அனுப்பிய தொகுதி. அதாவது நாகர்கோவிலுக்குப் போவதற்கு முன்பே அவர் எம்.பி.யாக இருந்தவர். பலரும் இதை மறந்துவிடுகிறார்கள். 1954 ஏப்ரலில் ராஜாஜி விலகி, முதலமைச்சர் பதவி வந்தபோது மக்களவை இடத்தை விட்டுவிட்டு வந்தார்.

அப்போது அவர் செய்த ஒரு காரியம் 1969-ஐப் புரிந்துகொள்ள உதவும். முதலமைச்சராகிவிட்டார், ஆனால் சட்டமன்ற உறுப்பினர் இல்லை. 1952-ல் ராஜாஜி இதே நிலையில் மேலவைக்கு நியமனமாகி, தேர்தலைச் சந்திக்காமலே முதல்வராக இருந்தார். அது கொல்லைப்புற வழி என்று ஏச்சு வாங்கினார். காமராஜர் அந்த வழியைத் தொடவில்லை. வட ஆர்க்காட்டுக் குடியாத்தத்தில் இடைத்தேர்தல் வந்தது, போய் நின்றார். சொந்த ஊர் இல்லை, சொந்தச் சாதி இல்லை. எதிரில் கம்யூனிஸ்ட் வேட்பாளர். பெரியார் காமராஜருக்காக நின்றார், அண்ணாவும் ஆதரித்து எழுதினார், திமுக ஆளே நிறுத்தவில்லை. ராஜாஜியின் கல்வித் திட்டத்தைக் கைவிடுகிறவர் என்பதே திராவிட இயக்கத்தாருக்குப் போதுமானதாக இருந்தது. வெளியூருக்குப் போய் யார் யாரைத் தன் பக்கம் வைத்துக்கொண்டால் ஜெயிக்கலாம் என்று கணக்குப் போட்ட ஆள், நாகர்கோவிலில் அதை இரண்டாம் தடவையாகச் செய்தார்.

ஆரல்வாய்மொழிக் கணவாயில் காற்று பேருந்தை லேசாக உலுக்கியது. மலைக்கு இந்தப் பக்கம் காற்றாலைகள், அந்தப் பக்கம் தோவாளைப் பூச்சந்தை, பிறகு வயலும் தென்னையுமாக வேறொரு நாடு. ஒரு காலத்தில் உண்மையிலேயே வேறு நாடுதான், திருவிதாங்கூர் சமஸ்தானம்; 1956 வரைகூட வேறு மாநிலம். மரக்கடைக்கு அனுப்பப்பட்ட இளைஞன் திருவனந்தபுரத்தில் இருந்த காலத்தில் நாகர்கோவிலும் அதே மகாராஜாவின் ஊர்.

நாகர்கோவில் வேப்பமூடு சந்திப்பில் காமராஜர் சிலை நிற்கிறது. நான்கு பக்கமும் பேருந்து, ஆட்டோ, ஆரன். பக்கத்திலேயே மார்ஷல் நேசமணி மணிமண்டபம். இருவரையும் இவ்வளவு அருகில் வைத்தவர்கள் தெரிந்து வைத்தார்களோ தெரியாமல் வைத்தார்களோ, 1969 தேர்தலின் மொத்தக் கதையும் இந்த இடைவெளிக்குள் அடங்கும்.

நேசமணி வழக்கறிஞர். திருவிதாங்கூர்த் தமிழ்நாடு காங்கிரசின் தலைவர். தமிழ் பேசும் தாலுகாக்களைச் சென்னை மாநிலத்தோடு சேர்க்கவேண்டும் என்று போராடியவர். 1954 ஆகஸ்ட் 11-ல் பட்டம் தாணுபிள்ளை ஆட்சியின் போலீஸ் மார்த்தாண்டத்திலும் புதுக்கடையிலும் சுட்டது, போராட்டக்காரர்கள் இறந்தார்கள். 1956 நவம்பர் 1-ல் அகஸ்தீஸ்வரம், தோவாளை, கல்குளம், விளவங்கோடு நான்கும் கன்னியாகுமரி மாவட்டமாகத் தமிழகத்துக்கு வந்தன. தேவிகுளமும் பீர்மேடும் கேரளத்தில் நின்றுவிட்டன.

மண்டபத்தின் நிழலில் உட்கார்ந்திருந்த ஓய்வுபெற்ற வாத்தியார் ஒருவரிடம் பேச்சுக் கொடுத்தேன். இந்த ஊரில் வாத்தியார்களுக்குப் பஞ்சமில்லை.

"மேடாவது குளமாவதுன்னு சொன்னவருல்லா," என்றார் சிரித்துக்கொண்டே. தேவிகுளம், பீர்மேடு பற்றிக் காமராஜர் சொன்னதாக வழங்கும் பேச்சு இது. "அந்த மனத்தாங்கல் இங்க இருந்தவங்களுக்கு ரொம்ப நாள் இருந்துது. நேசமணி கட்சி முதல்ல காங்கிரசுக்கு எதிர்க்கட்சிதான, கேட்டேளா. பெறவுதான் சேர்ந்தாவ."

"அப்படியானால் 1969-ல் எப்படி இத்தனை ஓட்டு?"

"அப்பச்சில்லா நின்னது."

எத்தனை ஓட்டு வித்தியாசம் என்று கேட்டேன். ஒன்றேகால் லட்சத்துக்கு மேலே என்றார். பக்கத்தில் இருந்தவர் ஒன்றரை லட்சம் என்றார். இரண்டு பேரும் கொஞ்ச நேரம் தர்க்கம் செய்தார்கள். எண் இதுதான்: காமராஜருக்கு 2,49,437, எதிர்த்து நின்ற டாக்டர் மத்தியாசுக்கு 1,21,236, வித்தியாசம் 1,28,201. கிட்டத்தட்ட மூன்றில் இரண்டு பங்கு ஓட்டு. விருதுநகரில் தோல்வியை ஒற்றை இலக்கம்வரை மனப்பாடமாக வைத்திருக்கிறார்கள்; ஜெயிக்கவைத்த ஊருக்கு வெற்றியின் எண் குத்துமதிப்பாகத்தான் நினைவில் இருக்கிறது.

காமராஜரைக் குறித்த "அப்பச்சி" என்ற பதிலோடு நான் நின்றுவிட விரும்பவில்லை. 1967-ல் காமராஜர் தோற்ற அதே அலையில், தமிழகத்தின் 39 மக்களவை இடங்களில் காங்கிரசுக்குக் கிடைத்தது மூன்று. அந்த மூன்றில் ஒன்று நாகர்கோவில்; ஜெயித்தவர் நேசமணி. ரூபாய்க்கு மூன்று படியும் இந்தி எதிர்ப்பும் இந்தக் கணவாயைத் தாண்டி முழு வேகத்தில் வரவில்லை. மலையாளத்தின் கீழ் இருந்த பழைய கோபம்தான் இங்கே மொழி அரசியல். அதில் இந்திக்கு இடம் குறைவு. 1968 ஜூனில் நேசமணி இறந்தார். தொகுதி காலியானது. எந்தச் சபையிலும் இடமில்லாமல் இருந்த காமராஜர், மாநிலத்திலேயே காங்கிரஸ் வேர் மிச்சமிருந்த மண்ணைப் பார்த்து வந்து நின்றார். நாடார்கள் நிறைந்த தொகுதி என்பது அவருக்குத் தெரியாதா? தெரியும். எதிர்த்தரப்புக்கும் தெரியும். ஆனால் விருதுநகரிலும்தான் நாடார்கள் இருந்தார்கள். சாதி ஒரு காரணம் என்பதை மறைக்கிறவர்களும், சாதி மட்டும்தான் என்கிறவர்களும் இந்த இரண்டு தேர்தல் முடிவுகளையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்ப்பதில்லை.

ஆளுங்கட்சியாக இருந்த திமுகவும் ராஜாஜியின் சுதந்திராவும் மத்தியாசுக்குப் பின்னால் நின்றன. முதலமைச்சர் அண்ணா நியூயார்க்கில் புற்றுநோய் சிகிச்சை முடிந்து திரும்பியிருந்தார். பிப்ரவரி 3-ஆம் தேதி இறந்தார். தேர்தல் நடந்த அதே ஜனவரியில்தான், பொங்கலன்று, சென்னை மாநிலம் சட்டப்படி தமிழ்நாடு ஆனது. சங்கரலிங்கனாரைக் கண்டுகொள்ளாதவர், சங்கரலிங்கனார் கேட்ட பெயர் வந்த மாதத்தில் எம்.பி. ஆனார்.

டெல்லியில் அவருக்கு என்ன காத்திருந்தது என்பதை வேகமாகவே சொல்லிவிடலாம். அந்த வருடம் முடிவதற்குள் காங்கிரஸ் உடைந்தது. யாரைப் பிரதமராக்கினாரோ அவருக்கு எதிரணியில் போய் உட்கார்ந்தார். 1971-ல் இந்திரா தமிழகத்தில் திமுகவோடு கைகோத்து, சட்டமன்றத்துக்கு ஒரு வேட்பாளரைக்கூட நிறுத்தாமல் காங்கிரஸ் பெயரையே மாநிலத்தில் அடகு வைத்தார். காமராஜர் தன் ஆயுள்கால எதிரி ராஜாஜியோடு கூட்டு வைத்தார். அந்தத் தேர்தலில் பழைய காங்கிரசுக்குத் தமிழ்நாடு முழுவதிலும் கிடைத்த மக்களவை இடம் ஒன்றே ஒன்று. நாகர்கோவில். 1975 அக்டோபர் 2-ல், நெருக்கடிநிலைக்கு நடுவில் இறக்கும்வரை அவர் இந்த ஊரின் எம்.பி.

மறுநாள் கன்னியாகுமரி போனேன். காந்தி மண்டபத்துக்கு அருகே 2000-ல் திறந்த காமராஜர் மணிமண்டபம் இருக்கிறது. மறுபடியும் அதே நேரு, அதே சாஸ்திரி, அதே வயல் வரப்பு. படகுக்கு நேரமாகிவிட்டதென்று ஒரு குடும்பம் என்னைத் தள்ளிக்கொண்டு போனது. அங்கே அதிக நேரம் நிற்கவில்லை. பேருந்து மாறி மாறி வடமேற்கே திருவட்டாறு பக்கம் போனேன். அங்கிருந்து மாத்தூர்.

மாத்தூர் தொட்டிப் பாலத்தைப் படத்தில் பார்த்திருந்தாலும் நேரில் ஏறும்போது கால் கொஞ்சம் கூசும். ஒரு குன்றிலிருந்து எதிர்க் குன்றுக்கு 28 தூண்களின் மேல் ஒரு வாய்க்காலைத் தூக்கிக் கட்டியிருக்கிறார்கள். கீழே பறளியாறு. உயரமான இடத்தில் 115 அடி. வாய்க்கால் தொட்டி ஏழடி உயரம், ஏழரை அடி அகலம். பக்கத்தில் நடைபாதை. 1966-ல் கட்டி முடித்தது. காமராஜர் ஆட்சிக் காலத்துத் திட்டம். பட்டணங்கால் வாய்க்காலின் தண்ணீர் இந்தப் பள்ளத்தாக்கைத் தாண்டிக் கல்குளம், விளவங்கோடு தாலுகா வயல்களுக்குப் போக வேறு வழியில்லை. திருவிதாங்கூரிலிருந்து பிரிந்து வந்த மக்கள், புது மாநிலம் நம்மைக் கவனிக்குமா என்று பத்து வருடமாகப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். பாலம் முடிந்த மூன்றாம் வருடம் காமராஜர் ஓட்டுக் கேட்டு வந்தார். பிரசாரத்தில் இந்தத் தூண்களைப் பற்றி ஒரு வார்த்தை பேசினாரோ இல்லையோ, பேசத் தேவை இருந்திருக்காது.

சுற்றுலாப் பயணிகள் கைப்பிடிச் சுவரில் சாய்ந்து படமெடுத்துக்கொண்டிருந்தார்கள். மறுகரையில் அன்னாசி வெட்டி உப்பும் மிளகாய்ப்பொடியும் தூவி விற்ற பெரியவருக்கு எண்பது இருக்கும். பாலம் கட்டும்போது கல் சுமந்ததாகச் சொன்னார். ஓட்டுப் பற்றிக் கேட்டேன். விரல்விட்டு எண்ணினார். முதலில் நேசமணிக்கு. அடுத்துக் காமராஜருக்கு இரண்டு தடவை. 1977-ல் குமரி அனந்தனுக்கு. பிறகு டென்னிசுக்குப் பல தடவை. அதன்பின் யாருக்கு என்று சொல்ல மறுத்துவிட்டார்.

"நாகர்கோவில் தொகுதின்னே இப்ப இல்லையே?" என்றேன். 2009 முதல் அது கன்னியாகுமரி தொகுதி. 2020-ல் காங்கிரஸ் எம்.பி. வசந்தகுமார் இறந்து, அடுத்த வருடம் இடைத்தேர்தல் வந்து, அவர் மகன் விஜய் வசந்த் ஜெயித்தார். உறுப்பினர் இறந்து இடைத்தேர்தல் வருவதும் அதில் காங்கிரஸ் ஜெயிப்பதும் இந்தத் தொகுதிக்குப் பழகிப்போனவை.

"பேரு என்னவா இருந்தா என்ன. பூத்து அதே பள்ளிக்கூடந்தான்."

வாய்க்காலை எட்டிப் பார்த்தேன். தண்ணீர் முழங்கால் அளவுக்குப் போய்க்கொண்டிருந்தது. உங்கள் வயலுக்கு வருகிறதா என்று கேட்டதற்கு உதட்டைப் பிதுக்கினார். வயலெல்லாம் வாழையாகவும் ரப்பராகவும் மாறிவிட்டது, கடைமடைக்குத் தண்ணீர் எட்டி நாளாயிற்று, வாய்க்கால் தூர் வாரினால் வரும் என்றார்.

"யாரிடமாவது சொன்னீர்களா?"

"எலெக்சன் வருதுல்லா," என்று அடுத்த அன்னாசியை எடுத்தார். "அப்பம் வருவினும். கேப்போம்."